குறிப்பேட்டில் ஒன்பது நாள்

ஆவணப்படத்துக்கு எழுத வரும் பிள்ளைகள் என்னிடம் அடிக்கடி கேட்பது ஒன்றுதான். ஸ்கிரிப்ட்டை எழுதிக்கொண்டு படப்பிடிப்புக்குப் போக வேண்டுமா, போய் வந்த பிறகு எழுத வேண்டுமா? உடல்நலத்தையும் மனிதர்களின் பழக்கவழக்கங்களையும் பற்றி இருபது வருடத்துக்கு மேல் எழுதிய நான் இரண்டு விதமாகவும் நல்ல படம் செய்திருக்கிறேன், இரண்டு விதமாகவும் கெடுத்தும் இருக்கிறேன். ஆனால் முன்கூட்டியே எழுதிக்கொண்டு போன ஒரு ஸ்கிரிப்ட்டால் ஒரு பெண்ணின் உயிர் போகப் பார்த்தது. அதை மட்டும் இங்கே சொல்கிறேன். கேமரா, வெளிச்சம், எடிட்டிங் எல்லாம் உங்களுக்கு என்னைவிட நன்றாகவே தெரியும்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி. மலாக்காவின் பத்து பெரண்டாம் தொழிற்பேட்டையில் ஒரு மின்னணுத் தொழிற்சாலையில் வேலை செய்த பெண்கள் ஒரே ஷிப்டில் ஒருவர் பின் ஒருவராக மயங்கி விழுந்தார்கள். சிலர் கத்தினார்கள், சிலர் அழுதார்கள். நிர்வாகம் மலாய் மந்திரவாதி ஒருவரை, போமோவை, அழைத்து வந்து மந்திரித்த தண்ணீர் தெளித்தது. அரை நாள் வேலை நின்றது. அடுத்த வாரமும் அதேபோல் நடந்தது. எங்கள் நிறுவனம் தொலைக்காட்சிக்குத் தமிழில் அரை மணி நேரப் படங்கள் செய்துகொண்டிருந்தது. 'இந்தப் பெண்கள் ஏன் விழுகிறார்கள்' என்று ஒரு படம் செய்யலாம் என்றார் இயக்குநர் சேகர். எழுதும் பொறுப்பு எனக்கு வந்தது.

மனமும் உடலும் பற்றி நான்கைந்து புத்தகங்கள் வாங்கி இரண்டு வாரம் படித்தேன். ஒரு பெண்ணைக்கூடச் சந்திப்பதற்கு முன்பே ஸ்கிரிப்ட்டை முடித்துவிட்டேன். அதில் நான்கு இடங்கள் மட்டும் காலியாக இருந்தன. மயங்கி விழும் பெண் ஒருத்தி, அவளுடைய குடும்பம், பேய் என்று சொல்லும் பூசாரி, கடைசியில் வந்து உண்மையைச் சொல்லும் மனநல மருத்துவர். அந்த இடங்களுக்கு ஆள் தேடித்தான் கிளம்பினேன். தேடிப் போகும்போதே விடை என் பையில் இருந்தது.

முதல் இடத்துக்குத் தேவகி கிடைத்தாள். இருபது வயது. புலாவ் செபாங் தாண்டி, ரப்பரை அழித்துச் செம்பனை போட்டிருந்த ஒரு தோட்டத்தில் வீடு. தினமும் மெயின் ரோட்டில் கம்பெனி பஸ் வந்து ஏற்றிக்கொண்டு போகும். மற்றப் பெண்கள் ஓரிரு நாளில் வேலைக்குத் திரும்பிவிட்டார்கள். தேவகி மட்டும் ஒழுங்காக வரவில்லை. வந்த நாட்களிலும் தலைசுற்றல் என்று உட்கார்ந்துவிடுவாள். சில்லுகளை மைக்ராஸ்கோப்பில் பார்த்துப் பிரிப்பது அவள் வேலை. பார்த்தால் இரண்டிரண்டாகத் தெரிகிறது என்றாளாம். கம்பெனி அனுப்பிய கிளினிக்கில் சத்து மாத்திரையும் இரண்டு நாள் எம்.சி. விடுப்பும் கொடுத்தார்கள். கூட வேலை செய்தவர்கள் அவள் நடிக்கிறாள் என்று என்னிடமே சொன்னார்கள். எனக்கு உள்ளுக்குள் சந்தோஷமாக இருந்தது. படத்துக்கு இதைவிடப் பொருத்தமான ஆள் கிடைக்காது என்று நினைத்தேன்.

முதல் முறை அவள் வீட்டுக்குக் கேமரா இல்லாமல் தனியாகப் போனேன். அம்மா அஞ்சலை தோட்டத்தில் களைக்கு மருந்தடிக்கும் வேலை செய்பவர். அப்பா ஜொகூரில் லாரி ஓட்டுகிறார், மாதம் ஒருமுறைதான் வருவார். தேவகி சுவரில் சாய்ந்துகொண்டு, கேட்டதற்கு மட்டும் பதில் சொன்னாள். அஞ்சலைதான் பேசிக்கொண்டே இருந்தார். மகள் ஓயாமல் தண்ணீர் குடிக்கிறாள், இனிப்புச் சர்பத் கலக்கும் சீராப் போத்தல் இரண்டு நாள்கூட வருவதில்லை, ராத்திரி நாலைந்து தடவை எழுந்து வெளியே போகிறாள், யாரோ கூப்பிடுவதுபோல் போகிறாள், சோறு நன்றாகத்தான் சாப்பிடுகிறாள் ஆனால் கம்பெனிச் சட்டை தொளதொளவென்று ஆகிவிட்டது என்றெல்லாம் சொன்னார். எல்லாவற்றையும் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டேன். பக்கத்தின் தலைப்பில் 'நடத்தை மாற்றங்கள்' என்று எழுதி அடிக்கோடும் போட்டேன். ராத்திரி எழுந்து போவதற்குப் பக்கத்தில் 'பயம்? தூக்கத்தில் நடப்பது?' என்று என் கருத்தையும் சேர்த்தேன்.

எங்களிடம் ஓர் எடிட்டர் இருந்தார். என்னைவிட ஐந்து வயது இளையவர். ஒருமுறை என் குறிப்புகளை வாங்கிப் பார்த்துவிட்டு, கண்டதையும் கருதியதையும் தனித்தனிப் பக்கத்தில் எழுதுங்கள், இல்லாவிட்டால் ஒரு வாரம் கழித்து எது எதுவென்று உங்களுக்கே தெரியாது என்றார். இந்தச் சின்னப் பையனுக்கு என்ன தெரியும் என்று அன்றைக்கு அதை விட்டுவிட்டேன்.

ஒன்பது நாள் கழித்து ஒரு சனிக்கிழமை மத்தியானம் படப்பிடிப்பு. மூன்று மணிக்குத் தோட்டத்துக் காளியம்மன் கோயில் பூசாரி வந்து தேவகிக்கு மந்திரிப்பதாக ஏற்பாடு. நாங்கள் இரண்டு மணிக்கே போய்விட்டோம். தேவகி முன்னறையில் பாயில் படுத்திருந்தாள். கண் பாதி மூடியிருந்தது. ஓடி வந்தவள்போல ஆழமாக இழுத்து இழுத்து மூச்சு விட்டாள். இடையிடையே புரியாமல் ஏதோ முனகினாள். விடியற்காலையில் இரண்டு தடவை வாந்தி எடுத்தாளாம்.

"காலையிலேர்ந்து இப்படித்தாம்மா," என்றார் அஞ்சலை. "கோயில்ல சாமி எறங்குறப்ப வாங்குமே, அந்த மூச்சு."

உள்ளே நுழைந்தபோது பழ வாசனை அடித்தது. அன்னாசி வெட்டினீர்களா என்று கேட்டேன். இல்லை என்றார். குறிப்பேட்டில் 'பழ வாசனை, எங்கிருந்து என்று தெரியவில்லை' என்று எழுதினேன். சூழலை விவரிக்க உதவும் என்று நினைத்தேன்.

கேமரா ஓடியது. சேகருக்கு முகமெல்லாம் மலர்ச்சி. கேட்டாலும் கிடைக்காத காட்சி என்று என் காதில் சொன்னார். எனக்கும் அப்படித்தான் தோன்றியது. ஒளித்து என்ன ஆகப்போகிறது? அந்த நேரத்தில் நான் அவளைப் பார்க்கவில்லை, என் ஸ்கிரிப்ட்டின் முதல் காட்சியைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

டேப் முடிந்தது. கேமராமேன் புது டேப் போடும் இடைவெளியில் அஞ்சலையிடம் கேட்க அடுத்த கேள்வியைத் தேடி, முதல் நாள் பக்கத்திலிருந்து இன்றைய பக்கம் வரை திருப்பினேன். தண்ணீர். சிறுநீர். மெலிவு. கண் மங்கல். சோர்வு. வாந்தி. பழ வாசனை. என் கருத்துகளைத் தாண்டி, சொற்களை மட்டும் மேலிருந்து கீழாக ஒரு தடவை படித்தேன். இதை நான் முன்பே ஒருமுறை எழுதியிருக்கிறேன்.

இரண்டு வருடத்துக்கு முன்னால் இனிப்பு நீர் என்று இங்கே சொல்லும் நீரிழிவு பற்றி ஒரு படத்துக்கு நான்தான் எழுதினேன். சின்ன வயதில் திடீரென்று வரும் வகையைப் பற்றி அதில் ஒரு பத்தி உண்டு. 'கவனிக்காமல் விட்டால் மூச்சு ஆழமாகும், மூச்சில் பழுத்த பழத்தின் வாசனை வரும், மயக்கம் வரும், உயிருக்கே ஆபத்து.' என் வாக்கியம். டாக்டர் கொடுத்த குறிப்பைப் பார்த்து எழுதி, பின்னணிக் குரலுக்கு ஏற்றபடி இரண்டு முறை திருத்தியும் இருந்தேன். அந்த வாசனையை நான் முகர்ந்ததில்லை, அவ்வளவுதான். முகர்ந்தபோது அன்னாசி என்றேன்.

சேகரை வெளியே கூப்பிட்டுச் சொன்னேன். அவர் நம்பவில்லை. "சரஸ்வதி, நீங்க டாக்டரா? டாக்டரே பாத்துட்டு ஒன்னும் இல்லன்னுதானே அனுப்பியிருக்காரு. பூசாரி வர இன்னும் அரை மணி நேரம். அத எடுத்துட்டு நானே ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போறேன்."

அவர் கெட்டவர் இல்லை. என் ஸ்கிரிப்ட்டை நம்பினார். அதை எழுதியவளே அதை நம்பாமல் போனது அவருக்குப் புரியவில்லை.

அஞ்சலையிடம் போனேன். கணையம், இன்சுலின், ரத்தத்தில் சர்க்கரை என்று எனக்குத் தெரிந்த எல்லாவற்றையும் வேகவேகமாகச் சொன்னேன். என் சொல் எதுவும் அவரிடம் போய்ச் சேரவில்லை என்று முகத்திலேயே தெரிந்தது. பூசாரிக்குச் சொல்லி அனுப்பியாகிவிட்டது, அவர் வந்து பார்க்காமல் பிள்ளையை வாசல் தாண்ட விடக்கூடாது என்றார். கிளினிக்கில் பார்த்தாயிற்று, அங்கே மறுபடி போய் நடிக்கிறாள் என்ற பேச்சைக் கேட்க முடியாது என்றும் சொன்னார். அவர் பயந்தது பேய்க்கு மட்டும் இல்லை.

நீங்கள் இந்த இடத்தில் இருந்தால் என்ன செய்வீர்கள் என்று யோசித்துப் பாருங்கள். நான் மருத்துவர் இல்லை. என் சந்தேகம் தவறாக இருக்கலாம். தவறாகப் போனால் படமும் போகும், அந்தக் குடும்பத்தின் மதிப்பும் போகும். சரியாக இருந்தால் ஒவ்வொரு நிமிடமும் முக்கியம். தவறினால் எதைத் திரும்பப் பெற முடியாது என்று மட்டும் என்னையே கேட்டுக்கொண்டேன். பிறகு தோட்டத்துச் செம்மண் பாதைக்குப் போய் நின்றேன், பூசாரியை வீட்டுக்கு வெளியிலேயே பிடிப்பதற்காக.

பூசாரி வீரையா மோட்டார் சைக்கிளில் வந்தார். அறுபதை நெருங்கிய வயது. தோட்டத்து ஆட்களை மேற்பார்க்கும் மண்டோராக இருந்து ஓய்வு பெற்றவர். ஹேண்டிலில் எலுமிச்சம்பழமும் விபூதியும் இருந்த பை தொங்கியது. என் ஸ்கிரிப்ட்டில் அவருக்காக எழுதியிருந்த வரிகள் எதுவும் மரியாதையானவை அல்ல. அவரை நிறுத்தி, ஐயா, இது இனிப்பு நீராக இருக்கலாம், உடனே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும், நீங்கள் சொன்னால்தான் கேட்பார்கள் என்றேன்.

அவர் வண்டியை அணைத்தார். "இந்த வயசுலயா? அது எங்கள மாதிரி ஆளுங்களுக்கு வர்றது லா. நானே மாத்திர போடறேன்."

சின்ன வயதிலும் வரும், அது வேறு வகை, சீக்கிரம் கொல்லும் என்றேன். அவர் பையை எடுத்துக்கொண்டு உள்ளே போனார். தேவகியின் பக்கத்தில் உட்கார்ந்து, அவள் மூச்சைக் கொஞ்ச நேரம் கவனித்தார். சேகர் கேமராமேனுக்குக் கை காட்டினார். கேமரா மறுபடி ஓடியது. நான் தடுக்கவில்லை. 

வீரையா அஞ்சலையைப் பார்த்து ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"புள்ள ஒன்னுக்குப் போற எடத்துல எறும்பு வருதா?"

அஞ்சலை உடனே பதில் சொன்னார். "ஆமாண்ணே. ஒரு வாரமா பாத்ரூம் வாசல்ல மண்ணெண்ண ஊத்துறேன், போகவே மாட்டேங்குது."

அவர் தேவகியின் நெற்றியில் விபூதி வைத்துவிட்டு எழுந்தார். "அஞ்சல, ஆத்தா வழி விட்டுட்டா. தூக்குங்க."

ஒரு நிமிடம் மட்டும் பூசை செய்துவிடலாமா என்று சேகர் கேட்டார். "மொதல்ல ஒங்க வேன எடுங்க," என்றார் வீரையா. வேனிலிருந்த விளக்குகளையும் பெட்டிகளையும் முற்றத்தில் இறக்கிப் போட்டோம். இறக்கியதில் பெரும்பாதி சேகர். அதையும் சொல்லியாக வேண்டும். அஞ்சலையின் மடியில் தலை வைத்துத் தேவகியைப் படுக்க வைத்தோம். எங்களுக்கு முன்னால் வீரையா ஹாரன் அடித்துக்கொண்டே மோட்டார் சைக்கிளில் போனார். வழியிலிருந்த ரயில்வே கேட் மூடிவிடக்கூடாதே என்று நான் வேண்டிக்கொண்டே இருந்தேன். அது திறந்திருந்தது.

பக்கத்து ஊரான தம்பினில் ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்ந்தபோது தேவகிக்கு நினைவு இல்லை. இளம் மலாய் டாக்டர் ஒருவர் விரலில் ரத்தம் எடுத்துப் பார்த்தார். பிறகு அங்கே யாரும் நடக்கவில்லை, ஓடினார்கள். டிரிப் ஏற்றி, ஊசி போட்டு, ஆம்புலன்சில் மலாக்கா பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பினார்கள். ஆம்புலன்ஸ் கிளம்புவதற்கு முன் டாக்டர் எப்போதிலிருந்து இப்படி என்று கேட்டார். அஞ்சலைக்குப் பேச வரவில்லை. நான் குறிப்பேட்டை எடுத்து, முதல் நாள் பக்கத்தைப் பார்த்து மலாயில் சொன்னேன். அவர் ஒவ்வொன்றாக எழுதிக்கொண்டு, இது எந்தத் தேதியில் எடுத்த குறிப்பு என்று கேட்டார். பக்கத்தின் மூலையில் தேதி இருந்தது. சொன்னேன். அவர் தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்தார். ஒன்பது நாள் அது என் பையில் இருந்திருக்கிறது.

மூன்றாவது நாள் தேவகிக்கு நினைவு திரும்பியது. பிழைத்துக்கொண்டாள்.

கதை இதோடு முடிந்திருந்தால் உங்களிடம் பெருமையாகவே சொல்லியிருப்பேன். கவனமாக இருங்கள், பூசாரியைக் குறைத்து மதிக்காதீர்கள், மக்களுக்குப் புரியும் கேள்வியைக் கேளுங்கள் என்று மூன்று பாடம் எழுதிக் கொடுத்திருப்பேன். ஆனால் அந்த டேப் இருந்தது.

சேகருக்கு அதைப் படத்தில் பயன்படுத்த ஆசை. பேய் என்று நினைத்தார்கள், நோயாக இருந்தது, நாங்கள் காப்பாற்றினோம் என்று முடித்தால் நாடே பார்க்கும் என்றார். குடும்பம் சம்மதித்தால் பார்க்கலாம் என்றேன். ஆறு வாரம் கழித்து, ஒரு பிரதியை எடுத்துக்கொண்டு தோட்டத்துக்குப் போனேன். தேவகி தன் சம்பளத்தில் வாங்கிய வீடியோ அவர்கள் வீட்டில் இருந்தது. அவளும் அஞ்சலையும் பாயில் உட்கார்ந்தார்கள். டேப்பைப் போட்டேன். நானும் அப்போதுதான் முழுதாகப் பார்க்கிறேன்.

பாயில் படுத்திருந்த தேவகி தெரிந்தாள். மூச்சுச் சத்தம் அறை முழுக்கக் கேட்டது. கொஞ்ச நேரத்தில் ஓரத்திலிருந்து அஞ்சலை கையில் ஒரு துணியோடு வந்தார். மகளின் வாயைத் துடைக்கக் குனிந்தார். அப்போது கேமராவுக்குப் பின்னாலிருந்து ஒரு பெண்குரல் அமைதியாக, மரியாதையாகச் சொன்னது.

"கொஞ்சம் தள்ளி நில்லுங்கக்கா, மொகம் மறையுது."

அஞ்சலை துணியோடு நகர்ந்துகொண்டார். தேவகியின் முகம் தெளிவாகத் தெரிந்தது.

அது என் குரல். அப்படிச் சொன்னது எனக்குச் சுத்தமாக நினைவே இல்லை. இன்றைக்கும் நினைவில்லை. டேப்பில் கேட்டதுதான்.

டேப் ஓடிக்கொண்டே இருந்தது. அஞ்சலை கோப்பி கலக்கப் போகிறேன் என்று எழுந்தார். நான் பின்னாலேயே அடுப்படிக்குப் போய், அக்கா, என்னை மன்னித்துவிடுங்கள் என்றேன். அவர் என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. கோப்பித்தூள் டின்னைத் திறந்துகொண்டே சொன்னார்.

"நீங்க சொன்னீங்க. நானுந்தானே தள்ளி நின்னேன்."

 என்னைச் சமாதானப்படுத்தச் சொன்னாரா, தன்னையே குத்திக்கொண்டாரா என்று தெரியவில்லை. தன் வீட்டில், தன் பிள்ளைக்குப் பக்கத்தில், ஒரு தாயை நகரச் சொல்ல எனக்கு யார் அதிகாரம் கொடுத்தது? கேமரா கொடுத்தது. எழுதிக்கொண்டு போன காட்சி கொடுத்தது.

முன்னறைக்கு வந்தபோது தேவகி டேப்பை நிறுத்தியிருந்தாள். "இது வேணாங்க்கா," என்றாள். நான் டேப்பை வெளியே எடுத்துப் பையில் வைத்தேன். அந்த டேப் படத்தில் வராது என்று சேகரிடம் சொன்னபோது பெரிய சண்டை வந்தது. என் பெயரை எடுத்துவிட்டு நீங்களே செய்துகொள்ளுங்கள் என்றேன். இரண்டு நாள் கழித்து அவரே வந்து சரி என்றார். பழைய ஸ்கிரிப்ட்டைத் தூக்கிப் போட்டுவிட்டு மறுபடி தொழிற்சாலைப் பெண்களிடம் போனேன். ஷிப்ட் நேரம், நிற்கும் நேரம், கழிப்பறைக்குப் போகக் கேட்க வேண்டிய அனுமதி, வீட்டுக் கவலை என்று அவர்கள் சொன்னதை வைத்துப் படம் செய்தோம். கடைசியில் ஒரே விடை சொல்லும் மருத்துவர் அதில் இல்லை. படம் சுமாராகத்தான் பேசப்பட்டது.

அடுத்த வருடம் தேவகி எனக்குத் தொலைபேசியில் பேசினாள். வேலைக்குத் திரும்பியிருந்தாள். மாலை ஷிப்டில் சாப்பாட்டுக்கு முன் கழிப்பறைக்குள் நின்றுகொண்டு ஊசி போட்டுக்கொள்வாளாம். சூப்பர்வைசர் அவள் லாக்கரில் ஊசிகளைப் பார்த்துவிட்டு, போதை மருந்து என்று காவலாளியைக் கூப்பிட்டுவிட்டார். ஆஸ்பத்திரி அட்டையைக் காட்டியும் ஒரு மணி நேரம் உட்கார வைத்து விசாரித்திருக்கிறார்கள். சாப்பாட்டு நேரம் தாண்டி, கை நடுங்கிய பிறகுதான் விட்டிருக்கிறார்கள்.

"எத்தன பேரு இப்படி ஒளிஞ்சு போட்டுக்கிறாங்களோ," என்றாள். "அதப் பத்தி எடுங்கக்கா. நான் பேசறேன்."

இந்த முறை ஸ்கிரிப்ட் எழுதவில்லை. பத்து பெரண்டாமில் தோழிகளோடு அவள் இப்போது வாடகைக்கு இருந்த தாமான் குடியிருப்பு வீட்டில் படப்பிடிப்பு. நீலப் புடவை கட்டி, தலை பின்னி, நாற்காலியில் வந்து உட்கார்ந்தாள். கேமராமேன் தயார் என்றார். அவள் கையை உயர்த்தி நிறுத்தினாள்.

"நடுவுல எனக்கு மயக்கம் வந்தா என்ன செய்வீங்க?"

அந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் தயாராக இருந்தது. ஒரு வருடமாகத் தயாராக இருந்தது. "கேமராவ நிறுத்தச் சொல்லுவேன். ஒடனே ஒன்ன வேன்ல ஏத்தி ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போவேன்."

தேவகி இல்லை என்று தலையாட்டினாள். "ஊசி போடறவங்களுக்கு மயக்கம் வந்தா முக்கால்வாசி சீனி கொறஞ்சு போயிருக்கும். மொதல்ல வாயில மிட்டாய் போடணும். அப்புறந்தான் வேனு."

கைப்பையைத் திறந்து இரண்டு மிட்டாய் எடுத்து, ஒன்றைத் தன் மடியில் வைத்துக்கொண்டு, மற்றதை என் உள்ளங்கையில் வைத்தாள். பிறகு புடவையைச் சரிசெய்துகொண்டு, ஆரம்பிக்கலாம் என்றாள்.

நாற்பது நிமிடம் பேசினாள். ஒவ்வொரு கேள்விக்குப் பிறகும் நான் அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். என் கைக்குள் மிட்டாய் பிசுபிசுக்கத் தொடங்கியிருந்தது.